ஒன்பது கால் பத்தாயம்

"நம்ம பத்தாயம் நடந்து வரும், ஆலிவ். சொந்தக் காலால நடந்து வரும். ரோட்டைத் தாண்டி, சர்ச் மதிலைச் சுத்தி, இந்த ஜன்னலுக்கு நேர் எதிர வந்து நின்னு, தொப்பியைக் கழட்டி, குனிஞ்சு உனக்கு மரியாதை பண்ணும். பண்ணலைன்னா என் பேரு பெர்சி ப்ராக்னல் இல்ல."

"அப்ப உன் பேரு என்னவாம்?" என்றாள் ஆலிவ். "நீ சொன்ன பேச்சுக்கெல்லாம் பேரை மாத்தியிருந்தா இந்நேரம் இங்கிலாந்துல பேரே மிச்சம் இருக்காது, மனுஷா. திரையை இழுத்து விடு."

பகல் மூன்று மணி. பெர்சி திரையை இழுத்து மூடினான்.

கேட்டவள் ஒருத்திதான். அவளும் நம்பவில்லை. நெதர் ஹேஸ்லி ஊர் முழுக்கக் கூடி நின்று கேட்டிருந்தாலும் நம்பியிருக்காது. பெர்சியின் வாய் அப்படிப்பட்ட வாய். அவன் விளைவித்த டர்னிப் கிழங்கு ஒன்றைக் குடைந்து குடைந்து தின்று, ஒரு செம்மறி அதற்குள்ளேயே குட்டி போட்டு மார்ச் மாதம் வரைக்கும் குடும்பம் நடத்தியது. அறுபத்து மூன்றாம் வருஷப் பனியில் அவன் கறந்த பால் வாளியில் விழுமுன்னே கட்டியாகி, வாளியை ஓட்டை போட்டுக்கொண்டு தரையில் இறங்கியது. ஊரில் கல்யாணமோ சாவோ, பெர்சி ஒரு மூலையில் நின்று இப்படி ஏதாவது அளந்துகொண்டிருப்பான். அளக்கிற ஆளைச் சுற்றி நாலு பேர் இருப்பார்கள். ஆலிவ் மட்டும் கொஞ்சம் தள்ளி நின்று, "பாதியாக் குறைச்சுக்கோங்க. குறைச்சதுல பாதியைத் தள்ளிடுங்க. மிச்சமும் பொய்" என்பாள்.

அந்த வருஷம் மழை சாதாரண மழை இல்லை. வாத்துகளே நனைந்து அலுத்துப்போய் வீட்டு வாசலில் வந்து நின்றன. செப்டம்பர் முடிவில், குடியானவர்கள் பண்ணை மாறுகிற மைக்கேல்மஸ் நாளில், பெர்சியும் ஆலிவும் எல்ம் பண்ணையை விட்டு இறங்கினார்கள். எஸ்டேட்டிடம் மூன்று தலைமுறைக் குத்தகை. தாத்தா பெயர், அப்பா பெயர், பெர்சி பெயர். நாலாவது பெயர் எழுத ஆள் இல்லை. பெர்சிக்கு எழுபத்தொன்று. தனியாகக் கறந்து தனியாக உழுது இன்னும் ஐந்து வருஷம் ஓட்டியிருப்பான், ஆலிவுக்கு நெஞ்சில் நீர் கோக்காமல் இருந்திருந்தால். இனி மாடிப்படி ஏறக்கூடாது என்றார் டாக்டர். ஊர்க் கோடியில் கவுன்சில் கட்டிய ஒற்றைத் தள வீடு ஒன்று கிடைத்தது. அடுப்பு மின்சாரம், குளியலறையில் பிடித்துக்கொள்ளக் கம்பி, ஜன்னல் பெரிசு. ஜன்னலுக்கு வெளியே தேவாலயத்துக்குச் சொந்தமான மேய்ச்சல் நிலம். அதில் ஒரு துருப்பிடித்த தண்ணீர்த் தொட்டி, தொட்டியைச் சுற்றிக் காஞ்சொறிச் செடி. வேறு எதுவும் கிடையாது.

டாக்டர் பெர்சியிடம் தனியாக இன்னொன்றும் சொன்னார். ஆஸ்பத்திரி வாசலில், காரின் கதவைப் பிடித்தபடி. கிறிஸ்துமஸைத் தாண்டினால் ஆச்சரியம் என்றார். வாழ்நாளில் முதல்முறையாக, வீடு வரும்வரை பெர்சி ஒரு கதையும் அளக்கவில்லை. அதிலேயே ஆலிவுக்கு எல்லாம் தெரிந்துவிட்டது.

அன்றிலிருந்து அவள் திரையைத் திறக்கவில்லை. சாப்பாடும் குறைந்தது. வேகவைத்த பன்றித்தொடை, கேரட், மாவுருண்டை எல்லாம் பெர்சி தானே சமைத்து வைத்தான். அவன் சமையல் ஒன்றும் மோசமில்லை, ஊர் நாய்கள் சாட்சி. அவள் முள்கரண்டியால் உருளைக்கிழங்கை நாலாகப் பிளந்து, நாலையும் தட்டோரத்தில் ஒதுக்கி வைப்பாள்.

"உப்பு இல்லையா?"

"உப்பெல்லாம் இருக்கு. எதைப் பாத்துட்டு சாப்பிடறது?"

அவள் பார்க்க விரும்பியது எது என்று பெர்சிக்குத் தெரியும். எல்ம் பண்ணைச் சமையலறையில் பாத்திரம் கழுவுகிற தொட்டிக்கு மேல் ஒரு ஜன்னல் உண்டு. அதற்கு நேர் எதிரே, முற்றத்தைத் தாண்டி, அந்தப் பத்தாயம். ஓர் அறை அளவுக்கு ஓக் மரச் சட்டமும் எல்ம் பலகையும் ஓட்டுக் கூரையுமாகத் தானியம் கொட்டி வைக்கிற மர வீடு. அது தரையில் நிற்காது. ஒன்பது கல்லின் மேல் நிற்கும். கல் ஒவ்வொன்றும் காளான் மாதிரி: கீழே ஒல்லித் தண்டு, மேலே அகலத் தொப்பி. எலி தண்டில் ஏறலாம். தொப்பியைத் தாண்ட வேண்டுமென்றால் தலைகீழாக நடக்க வேண்டும். சுண்ணாம்பு கிடையாது, அடித்தளம் கிடையாது. தன் பாரத்திலேயே கல்லின் மேல் சும்மா உட்கார்ந்திருந்தது, இருநூறு வருஷமாக.

சும்மா உட்கார்ந்திருந்ததில் ஒரு சங்கதி இருக்கிறது. எங்கள் பக்கத்து வழக்கத்தில், மண்ணுக்குள் கால் இறங்கிய கட்டடம் நிலத்துக்காரருக்கு; கல்லின் மேல் உட்கார்ந்த பத்தாயம் குடியானவனுக்கு. பண்ணையை விட்டால் அதைக் கழற்றி வண்டியில் ஏற்றிக்கொண்டு போகலாம். எஸ்டேட் ஏஜெண்டே சொல்லிவிட்டார்: "அது உங்களோடதுதான் ப்ராக்னல், தாராளமா எடுத்துக்கோங்க."

அவனுடையதுதான். ஆனால் நகர்த்தக்கூடாது. அது அரசாங்கம் பாதுகாக்கிற பழங்காலக் கட்டடம்.

அதைப் பாதுகாக்க வைத்ததும் பெர்சிதான்.

*

நகர்த்த அனுமதி கேட்டு பெர்சி எழுதியதன் பேரில் மாவட்ட அலுவலகத்திலிருந்து மிஸ் வென் வந்த அன்று மழை பக்கவாட்டில் பெய்தது. முப்பத்தைந்து வயது இருக்கும். உயரம், முட்டி வரை ரப்பர் பூட்ஸ், கையில் டார்ச். காலிப் பண்ணை முற்றத்தில் இரண்டு பேரும் நின்றார்கள். மாடுகள் போய்ப் பல நாளாகியும் தொழுவத்திலிருந்து மாட்டு வாடை வந்துகொண்டிருந்தது. பெர்சி அந்தப் பக்கம் திரும்பவில்லை.

"மிஸ்டர் ப்ராக்னல், எட்டு வருஷம் முன்னாடி இந்தக் கட்டடத்தைப் பட்டியல்ல சேர்க்க எங்க ஆபீஸர் ஒருத்தர் வந்தாரே, அவர்கிட்ட நீங்க என்ன சொன்னீங்க, ஞாபகம் இருக்கா?"

"ஏதோ ரெண்டு வார்த்தை சொல்லியிருப்பேன், மிஸ்."

"ரெண்டா? அவர் ரிட்டையர் ஆகி இன்னும் அதைச் சொல்லிச் சிரிக்கிறார். வேட்டைக்கு வந்த ராஜா ஒருத்தர் மழைக்கு ஒதுங்கி, இதுக்குள்ள பார்லி மேல மூணு நாள் தூங்கினார். இந்த ஓக் கட்டையெல்லாம் எதிரிக் கப்பல்ல இருந்து பிடுங்கினது. இதை ஒரு அங்குலம் நகர்த்தினா இங்கிலாந்து ஒரு பக்கமாச் சாய்ஞ்சுடும்."

பெர்சி தொப்பியை எடுத்து மழைநீரை உதறினான். "அப்ப எஸ்டேட்ல இதை இடிச்சுட்டு டிராக்டர் ஷெட் போடப் பாத்தாங்க, மிஸ். அதான் கொஞ்சம் தூக்கலாச் சொல்லிட்டேன்."

"இங்கிலாந்து சாயறதை எங்க ஆபீஸ் அனுமதிக்க முடியாதே."

"ராஜா மூணு நாள் தூங்கலை. ஒரு நாள்தான்."

"ராஜாவே வரலை, மிஸ்டர் ப்ராக்னல்."

"வரலை" என்று ஒத்துக்கொண்டான் பெர்சி.

மிஸ் வென் சிரித்தாள். பிறகு சிரிப்பை நிறுத்திக்கொண்டாள். "விளையாட்டு இல்ல. இது எங்க நிக்குதுங்கறதும் சேர்த்துத்தான் பாதுகாப்பு. வீடு, தொழுவம், பத்தாயம் மூணும் ஒண்ணை ஒண்ணு பாத்துட்டு நிக்குது. ஒண்ணைப் பிடுங்கினா மத்த ரெண்டும் ஏன் இப்படித் திரும்பி நிக்குதுன்னே யாருக்கும் புரியாது. நாளைக்கு இந்த வீட்டை விடுமுறைக்காரங்களுக்கு வாடகைக்கு விட்டாலும் அது இங்கதான் நிக்கணும்."

"என் பெஞ்சாதியும் அதைப் பாத்துட்டுத்தான் நின்னா, மிஸ். நாப்பத்தோரு வருஷம். அவளைப் பிடுங்கியாச்சு. அதுக்கு ஒரு பட்டியலும் இல்லையே."

மழை கூரையிலிருந்து கயிறு கயிறாக இறங்கியது. மிஸ் வென் டார்ச்சைப் போட்டு, காஞ்சொறியை பூட்ஸால் மிதித்துக்கொண்டு பத்தாயத்தின் அடியில் தவழ்ந்து போனாள். ரொம்ப நேரம் அவளுடைய பூட்ஸ் மட்டும்தான் வெளியே தெரிந்தது. பிறகு குரல் வந்தது.

"கதவுப் பக்கம் ரெண்டு கல்லு கழுத்துல வெடிச்சிருக்கு, தெரியுமா?"

தெரியாது. பெர்சி குனிந்து பார்த்தான். விரல் நுழைகிற வெடிப்பு. எந்தக் குளிர்காலத்துப் பனி உடைத்ததோ.

"பாரம் வேற இடம் தேடுது. இன்னும் ஒரு பனிக்கு இது தாங்காது" என்றபடி வெளியே வந்தாள். தலையெல்லாம் ஒட்டடை.

அவளுடைய கார் கிளம்பவில்லை. பின்சக்கரங்கள் சுண்ணாம்புச் சேற்றில் அச்சு வரைக்கும் இறங்கியிருந்தன. இழுத்து விட காட்ஃப்ரி கெல்லவேயின் லாரியை அழைத்து வர வேண்டும். "அதுவரைக்கும் எங்க வீட்டுல டீ குடிங்க, மிஸ்" என்றான் பெர்சி.

*

பெர்சி கெல்லவேயைக் கூட்டிக்கொண்டு திரும்பியபோது இரண்டு பெண்களும் மூடின திரைக்கு முன்னால் விளக்கைப் போட்டு உட்கார்ந்திருந்தார்கள். ஆலிவின் மடியில் கம்பளி. அவள் தட்டில் கொழுப்பு தடவிய ரொட்டி ஒரு கடி கடித்தபடி கிடந்தது. பேச்சு மட்டும் நிற்கவில்லை. நடுநடுவே மூச்சுக்காக நிற்கும், அவ்வளவுதான்.

"…நீங்கதான் அதைக் கட்டிப் போட்டவங்களா? நல்லது பண்ணீங்க. இந்த ஊர்ல எதையாவது ஒண்ணை இடத்துல நிக்க வைக்கணும்."

"கோவம் இல்லையா உங்களுக்கு?"

"உங்க மேல என்ன கோவம், பொண்ணே. அந்தப் பத்தாயம் எனக்கு அழகுக்கா? மாமியார் இருந்த காலத்துல நாளைக்கு நாலு தடவை அதுல ஏறி இறங்கிக் கால் தேஞ்சது. கடைசிப் படிக்கும் கதவுக்கும் நடுவுல வேணும்னே ஒரு முழம் இடைவெளி விட்டிருப்பாங்க, எலி தாவக்கூடாதுன்னு. எலி தாவலை. வயித்துப் பிள்ளையோட நான்தான் தாவினேன். அந்தப் பிள்ளை தங்கலை. அது வேற கதை." அவள் மூச்சு வாங்கினாள். "ஆனா கதவுல ஒரு ஆணி உண்டு. இவன் மேல்வயலுக்குப் போறப்ப அதுல ஒரு வெள்ளைச் சாக்கைத் தொங்க விடுவான். சாக்கு தொங்கினா, மத்தியானம் வீட்டுக்கு வந்து சாப்பிடறான்னு அர்த்தம். தொங்கலைன்னா வயல்லயே ரொட்டி. நான் பாத்திரம் கழுவிக்கிட்டே பாப்பேன். சாக்கைப் பாத்தாத்தான் உருளைக்கிழங்கை அடுப்புல போடுவேன்."

"நல்ல ஏற்பாடு."

"என்ன நல்ல ஏற்பாடு? அந்தச் சாக்கும் பொய்தான் சொல்லும். தொங்கும், ஆளு ரெண்டு மணி நேரம் கழிச்சு வருவான். கிழங்கு கூழாப் போயிருக்கும். இருந்தாலும் நிமிர்ந்து பாக்க ஒண்ணு இருந்துச்சு. இப்ப கண்ணுக்கு வேலையே இல்ல."

மிஸ் வென் எழுந்து போய்த் திரையின் ஓரத்தை விலக்கி வெளியே பார்த்தாள். தண்ணீர்த் தொட்டி, காஞ்சொறி, மழை. திரையைப் பழையபடி விட்டாள்.

"இவன் பத்தாயம் இங்க நடந்து வரும்னு சொல்றான்" என்றாள் ஆலிவ், பெர்சியைத் தாடையால் சுட்டி. "நீங்க படிச்சவங்க, சொல்லுங்க. வருமா?"

"பாதியாக் குறைச்சுக்கணும்னு நீங்கதானே சொன்னீங்க, மிஸஸ் ப்ராக்னல்."

காரை லாரி இழுத்து வெளியே போட்டது. மிஸ் வென் கண்ணாடியை இறக்கி, பெர்சியைப் பார்க்காமல் முன்னால் இருந்த சேற்றைப் பார்த்துப் பேசினாள்.

"அந்த ரெண்டு கல்லையும் மாத்தியாகணும். அதே மாதிரி வெட்டி வர்றதுக்கு மார்ச் ஆகும். அதுவரைக்கும் கட்டடத்தைக் கல்லுல இருந்து இறக்கி ஒரு பத்திரமான இடத்துல வைக்கச் சொல்லி உத்தரவு அனுப்பறேன். இடம் சமமா இருக்கணும். மாடு முட்டக்கூடாது. தினமும் ஒருத்தர் கண்ணுல பட்டுக்கிட்டே இருக்கிற இடமா இருந்தா எங்க ஆபீஸுக்கு நிம்மதி."

"எவ்வளவு தூரம் வரைக்கும் போகலாம், மிஸ்?"

"அதை நான் இன்னும் அளக்கலை. மார்ச்ல திரும்ப அதே ஒன்பது கல்லு மேல உட்காரணும். ஒரு பலகை குறையக்கூடாது." அப்போதுதான் அவனைப் பார்த்தாள். "மார்ச் போதுமா?"

"போதும், மிஸ்" என்றான் பெர்சி. "தாராளமாப் போதும்."

*

கெல்லவே பட்டறை வைத்திருந்தான். லாரி, டிராக்டர், புல்வெட்டி எல்லாம் அவன் கையில்தான் பிழைக்கும். ஞாயிற்றுக்கிழமைகளில் தேவாலயக் கோபுரத்தில் ஆறு மணிகளையும் அடிக்கிறவர்களுக்குத் தலைவன். பெர்சிக்குப் பால்ய சிநேகிதன். புதன்கிழமை சாயங்காலம் மணிப் பயிற்சிக்குக் கயிறுகளை இறக்கிவிட்டபடியே, பெர்சி சொன்னதைக் கேட்டான்.

"லாரில ஏத்தினா என்னடா?" என்று கேட்டான் பெர்சி.

"ஏத்தலாம். எங்க கொண்டு போறது? சர்ச் சந்துல ஒரு பக்கம் கல்லறை மதில், இன்னொரு பக்கம் என் பட்டறை. மதில் பாதுகாக்கப்பட்டது. மதிலுக்குப் பின்னால நாலு கல்லறை பாதுகாக்கப்பட்டது. பட்டறைச் சுவர் பாதுகாக்கப்பட்டது. முக்குல இருக்கிற டெலிபோன் பெட்டி பாதுகாக்கப்பட்டது, அதுக்குள்ள போன் செத்து நாலு வருஷம். அந்தச் சந்துல பாதுகாக்கப்படாதது ரெண்டே ரெண்டுதான். நானும் என் லாரியும். லாரி மேல இதை வச்சா திரும்பறப்ப எதையாவது இடிக்கும். கழட்டி எடுத்துட்டுப் போய்க் கோக்கலாம்னா, அந்த மர ஆணி எல்லாம் உருவினா தூளாப் போயிடும். அந்தப் பொண்ணு ஒரு பலகை குறையக்கூடாதுன்னிருக்கா."

"அப்ப நடக்கத்தான் வைக்கணும்."

கெல்லவே கயிற்றை விட்டுவிட்டு அவனைப் பார்த்தான். "நீ ஆலிவ்கிட்ட அப்படியா சொல்லி வச்சிருக்க?"

"ஆமா."

"அடப் பாவி." கயிற்றைத் திரும்பக் கையில் எடுத்தான். "எப்படி இருக்கா?"

"கிழங்கை நாலாப் பிளந்து ஓரத்துல வைக்கிறா."

கெல்லவே தாடையைச் சொறிந்தான். "கூரை ஓடெல்லாம் இறக்கிட்டா முக்கால் பாரம் போச்சு. அடியில நீளவாக்குல லார்ச் மரக் கம்பு குடுப்போம். முன்னாலயும் பின்னாலயும் நீட்டிக்கிட்டு இருக்கட்டும். பக்கவாட்டுல ஒரு விரல் நீட்டக்கூடாது. ஆளெல்லாம் அடியில. அகலம் அதே அகலம். சந்துல நுழைஞ்சுடும்."

"எத்தனை பேரு வேணும்?"

"இருக்கிறவன் எல்லாம்."

*

நவம்பர் மாதத்துச் சனிக்கிழமை. மழை நின்று மூடுபனி இறங்கியிருந்தது. பசுவின் வாலைப் பிடித்தால் தலை தெரியாத மூடுபனி. ஓடுகளை முதல் நாளே இறக்கி வைக்கோலில் அடுக்கியாகிவிட்டது. மொட்டைச் சட்டங்களோடு பத்தாயம் நின்றது. காலையிலிருந்து ஆட்கள் வந்தார்கள். போஸ்ட்மேன், பாதிரியார், 'மூன்று லாடம்' என்கிற மதுக்கடையின் சொந்தக்காரர், பள்ளிக்கூட டீச்சர், கெல்லவேயோடு இருபது வருஷமாகப் பேசாத அவன் தம்பி, வார இறுதிக்கு மட்டும் லண்டனிலிருந்து வருகிற, யாருக்கும் பெயர் தெரியாத புருஷன் பெண்சாதி. பக்கத்து ஊரிலிருந்தும் வந்தார்கள், எங்கள் மணி அடிக்கிற லட்சணத்தைக் கேலி செய்யும் பக்கத்து ஊர்க்காரர்கள். யாரும் எதற்கு என்று கேட்கவில்லை.

ஜாக்கிகளை வைத்துத் திருகித் திருகி, கல்லிலிருந்து முழங்கால் உயரம், இடுப்பு உயரம் எனக் கிளப்பினார்கள். கம்புகளை நுழைத்தார்கள். ஆட்கள் குனிந்து அடியில் போனார்கள். பெர்சியும் போனான்.

"நீ எங்கடா போற? எழுபது தாண்டின கிழம், குடலிறக்கம் வேற. முன்னாடி நடந்து வழி காட்டு" என்றான் கெல்லவே.

"என் பத்தாயம்டா."

கெல்லவே முன்னால் போய் நின்று, மணி தொடங்குகிறபோது சொல்கிற அதே குரலில், ஊரில் குழந்தைக்கும் பழகின அந்தக் குரலில் சொன்னான்:

"பாத்துக்கோங்க… முதல் மணி போகுது… போயாச்சு!"

எல்லாத் தோளும் ஒரே மூச்சில் நிமிர்ந்தன. பத்தாயம் எழுந்தது.

அடியில் இருட்டு. தலைக்கு மேல் ஒரு சாண் உயரத்தில் பலகை. அதன் இடுக்குகளிலிருந்து பழைய பார்லித் தூசி எல்லாக் கழுத்திலும் கொட்டியது. பெர்சிக்கு முன்னால் இருந்த முதுகும் கீழே இருந்த தரையும் மட்டும் தெரிந்தன. எங்கே போகிறோம் என்பதைத் தரையைப் பார்த்துத்தான் கண்டுபிடித்தான். முற்றத்து உருளைக்கல். வாசல் சேறு. தார்.

"ஏய் பெர்சி" என்று இருட்டில் போஸ்ட்மேன் குரல் முனகியது. "அந்த ராஜாவை இறக்கி விட்டுட்டுத்தானே தூக்கினோம்?"

"விட்டாச்சு."

"இல்ல, இன்னும் தூங்கறாரு. எனக்கு நேர் மேலதான் படுத்திருக்காரு" என்றார் பாதிரியார்.

அடியில் சிரிப்பு பரவியது. பத்தாயமே குலுங்கியது. "சிரிக்காதீங்கடா, சாவப் போறீங்க!" என்று கெல்லவே கத்தினான்.

சந்தில் மதிலுக்கும் சட்டத்துக்கும் நடுவே ஒரு கைப்புத்தகம் நுழையும் இடம்தான். டெலிபோன் பெட்டியை உரசாமல் திரும்பியபோது எல்லாரும் மூச்சைப் பிடித்தார்கள். பிடித்த மூச்சில் பத்தாயம் இரண்டு அங்குலம் உயர்ந்தது என்று இன்றைக்கும் பந்தயம் கட்டுகிறவர்கள் உண்டு. நடுநடுவே கட்டைகளின் மேல் இறக்கி வைத்து இளைப்பாறினார்கள். மதுக்கடைக்காரர் மனைவி சைடர் என்கிற ஆப்பிள் மதுவும் வினிகரில் ஊறிய வெங்காயமும் கொண்டு வந்தாள். பெர்சி எதையும் தொடவில்லை. அவனுக்கு ஒரே நினைப்பு. திரை மூடியிருக்கும். இத்தனை பேர் தோள் கழன்று போகிறது. அவள் திரையை மூடிக்கொண்டு சுவரைப் பார்த்து உட்கார்ந்திருப்பாள்.

வேலிக் கதவைத் தாண்டினால் தேவாலய நிலம். புல் ஊறிக் கிடந்தது. பாதி வழியில் முன்வரிசை கணுக்கால் வரை புதைய, பாரம் முன்னால் சரிந்தது. ஒரு பலகை அலறியது. யாரோ ஒரு பெண் "கடவுளே" என்றாள். பெர்சியின் தோளில் கம்பு இறங்கி, முழங்கால் மடங்கியது. இப்படியே முடிந்துவிடும் என்று நினைத்தான். பத்தாயத்துக்கு அடியில், அவளுக்கு முன்னாலேயே.

"நில்!" என்றான் கெல்லவே. மணிகளை நிறுத்துகிற குரல். அந்தக் குரலுக்கு எங்கள் ஊரில் எல்லாம் நிற்கும். நின்றது.

"முன்வரிசை, மெதுவா நிமிருங்க. பாத்துக்கோங்க… போகுது… போயாச்சு."

தண்ணீர்த் தொட்டிக்கு இந்தப் பக்கம், ஜன்னலுக்கு நேர் எதிரே, போட்டு வைத்திருந்த கட்டைகளின் மேல் இறக்கினார்கள். ஒவ்வொருவராக அடியிலிருந்து வந்தார்கள். உடம்பிலிருந்து ஆவி பறந்தது, உழுது முடித்த குதிரைகள் மாதிரி. எல்லாருமே ஜன்னலைப் பார்த்தார்கள். பார்க்காதது போலத் தலையைத் திருப்பிக்கொண்டார்கள். திரை மூடியிருந்தது.

மார்ச்சில் இதே ஆட்கள், இதே கம்புகளோடு வந்து அதைத் திரும்பத் தூக்கிக்கொண்டு போய்ப் புதுக் கல்லில் உட்கார வைத்தார்கள். அப்போது பெர்சி தூக்கவில்லை. முன்னால் தனியாக நடந்தான். அவன் காலி செய்துவிட்ட வீட்டு ஜன்னலில் வேறு யாருடைய திரையோ தொங்கியது. அன்றைக்கு யாரும் ராஜாவைப் பற்றிப் பேசவில்லை.

ஆனால் இது நவம்பர். பெர்சி கோட்டுக்குள்ளிருந்து ஒரு வெள்ளைச் சாக்கை எடுத்தான். ஆணியில் மாட்ட மூன்று தடவை முயன்றான். மாட்டிவிட்டு, யாரையும் பார்க்காமல் வீட்டுக்கு நடந்தான்.

"பூட்ஸைக் கழட்டிட்டு வா" என்றது உள்ளேயிருந்து குரல்.

கழற்றிவிட்டு வந்தான். ஆலிவ் நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். கம்பளி அவள் மடியில் இல்லை. நாற்காலிக்கும் ஜன்னலுக்கும் நடுவே தரையில் கிடந்தது.

"ஆலிவ், கொண்டு வந்துட்டோம்."

"என்னத்தை?"

"பத்தாயத்தை. தூக்கிட்டு வந்தோம். கூரை ஓடெல்லாம் இறக்கி, அடியில கம்பு குடுத்து, எழுபது பேரு. எழுபதுகூட இருக்காது. அறுபத்தஞ்சு வச்சுக்கோயேன். நடுவுல பல தடவை கீழ வச்சுட்டோம். புல்லுல கொஞ்சம் சாய்ஞ்சுடுச்சு. நான் ஒண்ணும் பெரிசாத் தூக்கலை, கூட நின்னேன், அவ்வளவுதான்."

பெர்சி ப்ராக்னல் ஒரு எண்ணிக்கையைக் குறைத்துச் சொல்லி ஆலிவ் கேட்டது இதுதான் முதல் தடவை. பிறகு கையை நீட்டி, நாற்காலியின் கையைப் பிடித்து எழுந்தாள். டாக்டர் எழக்கூடாது என்று சொல்லியிருந்தார். பெர்சி பிடிக்க வந்தான், தள்ளிவிட்டாள். தானே நடந்து போய்த் திரையை இழுத்தாள்.

கண்ணாடியில், அவள் முகத்தின் உயரத்தில், மூச்சுப் பட்டு மங்கின ஒரு வட்டம் இருந்தது. இன்னும் காயவில்லை.

"பொய்" என்றாள்.

"சத்தியமா, ஆலிவ். கெல்லவேயைக் கேளு, பாதிரியாரைக் கேளு…"

"எவனையும் கேக்க வேண்டாம். திரை இடுக்குல நானே பாத்துட்டு நின்னேன். வேலிக்கு மேல ஒரு மனுஷத் தலையைக் காணோம். மூடுபனிக்குள்ள இருந்து அது மட்டும் தனியா வந்தது. கூரைத் தொப்பியைக் கழட்டிட்டுத்தான் வந்தது. பாதி வழியில நின்னு, என்னைப் பாத்து ஒரு தடவை குனிஞ்சுது." மூச்சுக்காக நிறுத்தினாள். வெளியே சாக்கு காற்றில் ஆடியது, அதைப் பார்த்தாள். "சாக்கு தொங்குது. உருளைக்கிழங்கை அடுப்புல போடு. இன்னைக்கு எனக்கும் சேர்த்துப் போடு."

பெர்சி நகரவில்லை.

"தூக்கிட்டு வந்தானாம்" என்றாள் ஆலிவ், கண்ணாடியில் நெற்றியை வைத்தபடி. "நடந்துதான் வந்தது, பெர்சி. நான் பாத்தேன்."